கராஜில எரிச்ச மிளகாய்

பேய் பிசாசு எண்டு ஆராவது கதைச்சால் எழும்பிப் போற ஆள் நான். பிள்ளையாரைக் கும்பிடுவன், வெள்ளிக்கிழமையில மச்சம் சமைக்கமாட்டன், அவ்வளவுதான். பெரிய படிப்புப் படிக்கேல்லை, ஆனா பொய் எழுத வராது. நம்பாட்டியும் பரவாயில்லை, வாசியுங்கோ.

எங்கட மகள் அபி ஆங்கிலம் படிப்பிக்கிற வேலைக்கு ஒரு வருஷம் ஸ்பெயினுக்குப் போனாள். வடக்குக் கடலோரத்தில ஒரு சின்ன ஊர். துறைமுகம், நெத்தலியை டின்னில அடைக்கிற ஃபக்டரி, ஒரு தேவாலயம், அதோட ஊர் முடிஞ்சுது. தனிய இருந்த ஒரு வயசான அம்மா தன்ர வீட்டு மேல்மாடி அறையை வாடகைக்குக் குடுத்தா. போய்க் கொஞ்ச நாளிலேயே பிள்ளை சாப்பாட்டை விட்டிட்டாள். வெயிலிலயும் குளிருதாம். டொக்டர் ஒண்டுமில்லை எண்டிட்டார். வீடியோவில பார்க்கப் பார்க்க முகம் ஒட்டிக்கொண்டு போகுது. பிள்ளை உயிரோட திரும்புவாளோ எண்டு கூட நினைச்சிட்டன்.

கடைசியில நாவூறு, அதுதான் கண் திருஷ்டி, கழிப்பம் எண்டு முடிவெடுத்தன். அது பின்னேரத்தில கழிக்கிறது. அங்க பின்னேரம் எண்டால் இஞ்ச எங்கட லின்ஃபீல்ட் வீட்டில விடியக்காலமை. ஃபோனைச் சாமித்தட்டில சாத்தி வைச்சு, செத்தல் மிளகாயும் உப்பும் கையில பொத்தி, அவளின்ர முகத்தைச் சுத்தி மூண்டுதரம் சுத்தினன்.

"அம்மா, சீரியஸ்லி? ஃபோனுக்கா?" எண்டு சிரிச்சாள். எவ்வளவு நாளைக்குப் பிறகு சிரிக்கிறாள்.

இவர் கதவடியில நிண்டு, "ஸ்மோக் அலாம் அடிச்சு ஃபயர் எஞ்சின் வந்தால் நீர்தான் கதைக்கவேணும்" எண்டார்.

"நீங்கள் சும்மா இருங்கோ" எண்டிட்டு, கராஜில இருக்கிற காஸ் அடுப்பில சட்டியை வைச்சு எல்லாத்தையும் போட்டன். மிளகாய் வெடிச்சுக் கரியாச்சுது. சத்தியமாச் சொல்றன், ஒரு பொட்டு நெடி இல்லை. ஊதுபத்திப் புகைக்கே தும்முற மனுசன் இவர், சட்டிக்கு மேல குனிஞ்சு மணந்து பார்த்தார், ஒரு தும்மல் கூட வரேல்லை. கடும் நாவூறு எண்டால் நெடி வராது எண்டு எங்கட ஆக்களுக்குத் தெரியும். கழிஞ்சிட்டுது எண்டு பிள்ளையாருக்கு நன்றி சொன்னன்.

திரும்பி வந்து ஃபோனைப் பார்த்தால் அபி இருமிக்கொண்டிருக்கிறாள், கண்ணெல்லாம் தண்ணி.

"அம்மா, சில்லி ஸ்மெல்! மூச்சு விட ஏலாமக் கிடக்கு!"

அவள் ஓடிப்போய் ஜன்னலைத் திறக்க, கீழயிருந்து அந்த அம்மாவும் இருமி இருமிப் படியேறி வாறது எனக்குக் கேட்டுது. அந்த வீட்டில மிளகாயே இல்லை.

அடுத்த நாள் பிள்ளை ரெண்டு தட்டுச் சாப்பிட்டாள். குளிரும் விட்டிட்டுது. எனக்குச் சந்தோஷம் தாங்கேல்லை. ஆனா அண்டைக்கே அந்த அம்மா அழுதுகொண்டு அவளிட்ட வந்தாவாம். அது அவவின்ர மகன் இருந்த அறையாம். கடலுக்கு மீன்பிடிக்கப் போனவன், உடம்பும் கிடைக்கேல்லை. ராவில மேல அவன் நடக்கிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டுதான் மனுசி நித்திரை கொள்ளுறதாம். முதல்நாள் ராவு ஒரு சத்தமும் இல்லையாம்.

"என்ர பிள்ளையை எங்க அனுப்பினனி?" எண்டு கேட்டாவாம்.

அபி இப்ப எங்களோட வந்திட்டாள், நல்லா இருக்கிறாள். நான் விளக்கேத்தேக்க அந்தப் பிள்ளைக்கும் சேர்த்துத்தான் கும்பிடுறன். பேர் தெரியாது. அவனும் ஒரு தாய் பெத்த பிள்ளைதானே. ஆனா கும்பிட்டு முடிச்சாப் பிறகு, கராஜ் கதவுப் பக்கம் நான் திரும்பிப் பார்க்கிறேல்லை.