பேருக்கு ஒரு படம்

"ஓடாதுன்னு தெரிஞ்சே ஒரு படத்த எதுக்குய்யா எடுக்கிறாங்க?"

வெள்ளிக்கிழமை தவறாமல் விண்ணரசி கேட்கும் கேள்வி இது. திருத்துறைப்பூண்டித் தியேட்டர் வாசலில் சைக்கிளை நிறுத்தி, பசை காயாத புதுப் போஸ்டர்களில் தன் வயலில் எடுத்த படத்தைத் தேடி முடித்த பிறகு கேட்பார்.

டிக்கெட் கிழிக்கும் துரைக்கண்ணு சிரிப்பார். "அக்கா, அது அவார்டு படம். டெல்லிக்காரங்க பாப்பாங்க. இங்க போட்டா நானும் நீங்களுந்தான் பாக்கணும்."

"என் வயலு செத்தத நான் பாக்க வேணாமா?"

கணவர் எல்வின் குவைத்தில் லாரி ஓட்டுகிறார். இரண்டு ஏக்கர் குத்தகை நிலம் விண்ணரசியின் பொறுப்பு. ஜெபமாலை சொல்லிக்கொண்டேதான் களை பறிப்பார். வரப்பில் யாராவது செருப்போடு நடந்தால் ஜெபம் நின்று வசவு கிளம்பும்.

போன வருஷம் தை மாதம் சென்னையிலிருந்து ஒரு பெரிய சினிமாக் கம்பெனி வந்தது. வறட்சியைப் பற்றிய படம். ஆனால் அந்த வருஷம் எல்லா வயலிலும் தண்ணீர் நின்றது.

"தண்ணிய வடிச்சிட்டு மூணே நாள் மடைய அடைச்சு வைங்கம்மா. ஒங்க கஷ்டத்த டெல்லி பாக்கட்டும். வருஷா வருஷம் தண்ணி வரும்" என்றார் மேனேஜர்.

கதிர் பால் பிடிக்கும் நேரம். ஆனாலும் தண்ணீர் வரும் என்ற அந்த ஒரு சொல்லுக்காக, விண்ணரசி தன் கையாலேயே மடையை அடைத்தார்.

மூன்று நாள் பதினாறு நாளானது. வெளிச்சம் சரியில்லையாம். வயல் பாளம் பாளமாக வெடித்தது. அறுத்து அடித்தபோது முக்கால்வாசி பதர்.

படத்துக்கு விருது வந்தது. ஆடியில் ஆற்றுக்குத் தண்ணீர் வரவில்லை. மழையை நம்பித் தாமதமாகத்தான் நடவு நடந்தது.

இந்த மாசியில் அதே மேனேஜர் இன்னொரு வறட்சிப் படத்துக்காக மறுபடி வந்தார். பளபளக்கும் ஷூவோடு வரப்பில் நின்றார்.

"கம்பெனி சம்பாதிக்க நாலு மசாலாப் படம் எடுக்குதும்மா. இது பேருக்கு."

"ஒங்க பேருக்கு என் நெல்லா? அவார்டு குடுத்தவரு வீட்டுத் தோட்டத்தக் காயப்போட்டு எடுக்கிறதுதானே?"

"மூணே நாள்தாம்மா..."

விண்ணரசி முந்தானையை இடுப்பில் இறுக்கிச் செருகினார். மண்வெட்டியை ஓங்கி, ஷூவுக்கு அரையடி தள்ளி மடையை வெட்டித் திறந்தார். வாய்க்காலில் நின்ற மழைத் தண்ணீர் அந்த ஷூவை நனைத்துக்கொண்டு கதிர்களுக்குள் பாய்ந்தது.

இதைப் படித்தவர்கள் பக்கத்து ஊருக்கும் சொல்லிவிடுங்கள். கேமரா அங்கேயும் வரும்.