பெரியப்பா ஒப்படைத்த துப்பாக்கி

வரட்டி ஆகாயத்தில் உடையும்போது ஓடு உடைவதைப் போலச் சத்தம் வராது. பொசுக்கென்று பொடியாகி, காற்று அடிக்கும் பக்கமாகத் தூவிக்கொண்டே இறங்கும். கரும்பு வெட்டி முடித்த எங்கள் கொல்லையில் நின்று அப்பா வரட்டியைச் சுழற்றி வீசுவார். நான் அவருடைய இரட்டைக்குழல் துப்பாக்கியைத் தோளில் அழுத்திக்கொண்டு அதைத் துரத்துவேன். வெடிச் சத்தம் கல்வராயன் மலையில் போய் முட்டி, நாங்கள் அடுத்ததை எடுக்கும் நேரத்தில் திரும்பி வரும். "அடுப்புக்கு வெச்சிருந்ததெல்லாம் ஆகாசத்துல வுட்டுட்டு, சோறு எதுல பொங்குறதாம்?" என்று அம்மா வரப்பில் நின்று கத்துவாள். பிற்காலத்தில் ஊர் ஊராகப் போய் நான் உடைத்த ஆரஞ்சு நிறத் தட்டுகளுக்கெல்லாம் முன்னால் என்னிடம் உடைந்தது வரட்டிதான். பேட்டி எடுக்க வருகிறவர்களிடம் இதைச் சொல்லிப் பார்த்திருக்கிறேன். சிரித்துவிட்டு, 'பெரியப்பாவிடம் துப்பாக்கி கற்ற வீராங்கனை' என்று எழுதிவிடுவார்கள். ஏனென்றால் எனக்கு முன்னாலேயே பெரியப்பா அவர்களைப் பிடித்துப் பேசி அனுப்பியிருப்பார். இந்தக் குறிப்பு அந்தப் பெரியப்பாவைப் பற்றியது. நல்லவிதமாக எழுதுவேன் என்று யாரும் எதிர்பார்க்க வேண்டாம்.

கச்சிராயபாளையத்துக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். பன்றிகள் மலையிலிருந்து இறங்கிக் கரும்பைக் குதறும் என்பதால் தாத்தா காலத்தில் எங்கள் வீட்டுக்குத் துப்பாக்கி உரிமம் கொடுத்தார்கள். பன்றியை விரட்டினார்களோ இல்லையோ, அந்தத் துப்பாக்கி ஊரில் எங்களுக்கு ஒரு பெயரை வாங்கிக் கொடுத்தது. மாரியம்மன் தேர் நிலையைவிட்டு நகர வேண்டுமானால் துப்பாக்கிக்காரர் வீட்டு வேட்டுக் கேட்க வேண்டும். குண்டில்லாமல் வெறும் மருந்தை மட்டும் வைத்து, ஆகாயத்தைப் பார்த்து இரண்டு முறை சுடுவார்கள். அதற்குப் பிறகுதான் வடத்தில் கை வைப்பார்கள். தாத்தாவுக்குப் பிறகு அப்பா சுட்டார். மூத்தவன் தானிருக்கத் தம்பி சுடுகிறானே என்று பெரியப்பாவுக்குப் புகைந்துகொண்டிருந்தது. அதை அவர் மறைத்ததும் இல்லை.

நான் கள்ளக்குறிச்சியில் கல்லூரிக்குப் போய்க்கொண்டிருந்தபோது அப்பா இறந்தார். காரியம் முடிந்த கையோடு பெரியப்பா வந்து உட்கார்ந்தார். உரிமத்தைத் தன் பெயருக்கு மாற்ற எனக்கும் அம்மாவுக்கும் ஆட்சேபணை இல்லை என்று சொல்ல வேண்டுமாம். "துப்பாக்கி எங்கம்மா போவப்போவுது? நம்ம வூட்லதான இருக்கும். உனக்கு வேணும்னும்போது எடுத்து சுடு. நான் கூட வரேன், நீ பாட்டுக்கு சுடு" என்றார். எனக்கு வேண்டியது அது ஒன்றுதான். கல்லூரி என்.சி.சி.யில் என் கையைப் பார்த்த பயிற்சியாளர், சென்னையில் நடக்கும் மாநிலப் போட்டியில் தட்டுச் சுடுதலுக்கு என் பெயரைக் கொடுத்திருந்தார். துப்பாக்கியை நீங்களே கொண்டுவர வேண்டும், உரிமம் உள்ளவர் கூட இருக்க வேண்டும் என்பது ஏற்பாடு. பெரியப்பா தலையை ஆட்டினார். நாங்களும் சம்மதம் சொன்னோம், உரிமம் அவர் பெயருக்கு மாறியது.

போட்டிக்குப் புறப்பட வேண்டிய காலையில் தலைக்குக் குளித்து, பை எடுத்துக்கொண்டு அவர் வீட்டு வாசலில் போய் நின்றேன். பெரியப்பா வேப்பங்குச்சியால் பல் துலக்கிக்கொண்டிருந்தார்.

"துப்பாக்கி டேசன்ல கீதும்மா. எலெக்சன் வருதில்ல, ஒப்படைச்சிட்டேன்."

தேர்தல் நேரத்தில் உரிமம் உள்ள துப்பாக்கிகளைக் காவல் நிலையத்தில் ஒப்படைக்க வேண்டும் என்பது நாட்டில் எல்லோருக்கும் உள்ள விதிதான். ஆனால் அப்போது தேதியைக்கூட அறிவிக்கவில்லை. யாரும் கேட்கவும் இல்லை. டவுன் பஸ் பிடித்துக் காவல் நிலையத்துக்கு ஓடினேன். அங்கிருந்த எழுத்தர் சிரித்தார். "நாங்க கூப்பிட்டனுப்பினாகூட இழுத்தடிப்பாங்க. உங்க பெரிப்பா தானா வந்து, இப்பவே வாங்கிக்கோங்கன்னு நின்னாரு. ரொம்பப் பொறுப்பான மனுசன்" என்றார். திரும்பி வந்து கேட்டேன், ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று. அவர் வாய் கொப்பளித்துத் துப்பிவிட்டுச் சொன்னார்: "பொட்டப்புள்ள மெட்ராசுக்குப் போயி தட்ட ஒடச்சி இன்னா ஆவப்போவுது?"

அந்த வருடத் திருவிழாவுக்கு முன்னால் துப்பாக்கி அவர் கைக்கு வந்துவிட்டது. அவர்தான் வேட்டுச் சுட்டார். நான் கூட்டத்தில் நின்று பார்த்தேன். கண்ணை இறுக மூடிக்கொண்டு சுட்டார்.

அந்த வருடப் போட்டி எனக்குப் போனது போனதுதான். ஆனால் பயிற்சியாளர் நல்ல மனிதர். வேறு ஊரில் ஒரு சுடும் கழகத்தில் சொல்லி, அவர்களுடைய பழைய துப்பாக்கியில் பழக ஏற்பாடு செய்தார். அந்த விளையாட்டைத் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். எதிரே பள்ளத்துக்குள் இயந்திரம் இருக்கும். நாம் குரல் கொடுத்ததும் மைக் அதை வாங்க, உள்ளங்கை அகலத் தட்டு ஒன்று பாய்ந்து வெளியே வரும். இடமா வலமா, உயரமா தாழ்வா, எதுவும் முன்கூட்டித் தெரியாது. கண் சிமிட்டுவதற்குள் அது தூரப் போய்விடும். தட்டைப் பார்த்துச் சுட்டால் தட்டு போன பிறகுதான் குண்டு போய்ச் சேரும். அது போகப்போகிற இடத்தைச் சுட வேண்டும். எந்தக் குரல் கொடுத்தாலும் மைக்குக்குப் போதும். ஆளாளுக்கு ஒன்று வைத்திருப்பார்கள். சிலர் ஆங்கிலத்தில் 'புல்' என்பார்கள், சிலர் இருமுவது போல ஒரு சத்தம் விடுவார்கள். நான் 'யோவ்' என்றேன்.

முதல்முறை கேட்டதும் பக்கத்தில் நின்றவர்கள் சிரித்துவிட்டார்கள். பயிற்சியாளர் மட்டும் சிரிக்கவில்லை. "யாரம்மா கூப்பிடுறே?" என்றார். சொன்னேன். நேரில் 'வாங்க பெரிப்பா, போங்க பெரிப்பா' என்று பேசியே வளர்ந்தவள் நான். அந்த மனிதரை ஒருமுறையாவது மரியாதை இல்லாமல் கூப்பிட வேண்டும் என்று எனக்கு நெஞ்சு அரித்துக்கொண்டிருந்தது. அதை அங்கே தீர்த்துக்கொண்டேன். கோபம் குறியைக் கெடுக்கும், மனத்தைக் காலி செய்துகொண்டு நில் என்று பிறகு எத்தனையோ பேர் எனக்குப் புத்தி சொன்னார்கள். மனத்தைக் காலி செய்தவர்கள் என் பக்கத்தில் நின்று தவறவிட்டதை நான் பார்த்திருக்கிறேன். என் கோபம் ஆறின கோபம். கை நடுங்காது, மூச்சு மாறாது. 'யோவ்' என்பேன், தட்டு வரும், உடைப்பேன். அடுத்த இடத்துக்கு நகர்ந்து மறுபடியும் கூப்பிடுவேன். மாநிலத்தில் முதலாவதாக வந்தேன். விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலை கிடைத்தது. சொந்தத் துப்பாக்கி வாங்கினேன். தேசியப் போட்டியில் தங்கம் வாங்கிய நாளில், கடைசித் தட்டு உடைந்து தூள் காற்றில் நின்றபோது, அம்மா முகம் எனக்கு ஞாபகம் வரவில்லை. வேப்பங்குச்சியோடு நின்ற அந்த முகம்தான் வந்தது. சந்தோஷமாக இருந்தது.

அதன் பிறகு ஊருக்கு வந்தேன். கள்ளக்குறிச்சி பஸ் நிலையத்தில் இறங்கினால் ஆள் உயரத்துக்கு ஒரு பிளெக்ஸ். அதில் பெரியப்பா துப்பாக்கியோடு நிற்கிறார். அவர் முழங்கைக்குக் கீழே, அஞ்சல் தலை அளவுக்கு, பதக்கத்தோடு நான். 'எங்கள் பாசறையின் சிங்கக்குட்டி' என்று எழுதியிருந்தது. பார்த்துக்கொண்டே ஒரு டீ குடித்தேன். இந்த மனிதருக்கு எதைப் பறித்தால் வலிக்கும் என்று அன்றைக்கே யோசிக்க ஆரம்பித்துவிட்டேன். நிலத்தைப் பறித்தால் வலிக்காது, நிறைய இருக்கிறது. பிள்ளைகளோ அவரே விரட்டினாலும் ஊர்ப்பக்கம் வராதவர்கள். அவரிடம் மிச்சம் இருந்தது அந்த வேட்டு ஒன்றுதான். காத்திருந்தேன். காத்திருப்பது எனக்குச் சிரமமில்லை, என் தொழிலே அதுதான்.

போன வருடம் நேரம் வந்தது. பெரியப்பாவுக்கு இரண்டு கண்ணிலும் பார்வை மங்கிவிட்டது. காது ஏற்கெனவே மந்தம். உரிமத்தைப் புதுப்பிக்க மருத்துவர் தகுதிச் சான்று தரவில்லை. கெடுவுக்குள் குடும்பத்தில் தகுதியான ஒருவர் பெயருக்கு மாற்ற வேண்டும், இல்லையென்றால் துப்பாக்கியைச் சரண்டர் செய்ய வேண்டும் என்று கலெக்டர் அலுவலகத்தில் சொல்லிவிட்டார்கள். மூத்த மகன் வெளிநாட்டில். இளையவன் மேல் ஓர் அடிதடி வழக்கு. தகுதியான ஆள் நான் ஒருத்திதான். விடுப்பில் நான் வந்திருப்பது தெரிந்து, தட்டு நிறையப் பழமும் பூவும் வைத்து எடுத்துக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார். அப்பா போன பிறகு அவர் எங்கள் வீட்டில் கைநனைத்தது அன்றைக்குத்தான்.

"இன்னா இருந்தாலும் உங்கப்பன் துப்பாக்கிம்மா அது. உன் பேர்ல இருக்கட்டும். வூட்டு மானம் நிக்கும்."

உள்ளதைச் சொல்கிறேன், அந்த இடத்தில் எனக்குக் கொஞ்சம் இளகியது. அப்பாவின் தோள் பட்டுப் பட்டுத் தேய்ந்த கட்டை அது. அம்மா கதவோரமாக நின்று என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் குரலை உயர்த்திக் கேட்டேன்: "தேருக்கு யாரு பெரிப்பா சுடுவாங்க?"

"நீ எங்கம்மா அங்கல்லாம் வந்து நிக்கறது, பொம்பள. லைசென்ஸ் உன்னுது. சுடறத சின்னவன் சுட்டுக்குவான். ஊர்ல எல்லாம் பேசி வெச்சிட்டேன்."

இளகியது இறுகிவிட்டது. "சரிங்க பெரிப்பா. திங்கக்கிழமை காலைல கலெக்டர் ஆபீஸ்ல வந்து மனு குடுத்துடறேன்" என்றேன். அவர் என் தலையில் கை வைத்து ஆசீர்வதித்துவிட்டுப் போனார்.

திங்கட்கிழமை நான் போகவில்லை. போனையும் எடுக்கவில்லை. கலெக்டர் அலுவலக வாசலில் புங்க மரத்தடியில் சாயங்காலம் வரை உட்கார்ந்திருந்தாராம். அடுத்த வாரமும் போய் உட்கார்ந்தாராம். கெடு முடிந்ததும் காவல் நிலையத்திலிருந்து வந்து துப்பாக்கியை எடுத்துப் போனார்கள். அம்மா எனக்குப் போன் செய்து, "அவரு மூஞ்சி தொங்கறத பாக்கறதுக்காவ உங்கப்பன் பொருள வுட்டுட்டியேடி" என்று அழுதாள். அழுவதற்கு அவளுக்கு உரிமை உண்டு. எனக்கும் இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. ஆனாலும் தேருக்கு விடுப்புச் சொல்லிவிட்டு ஊருக்கு வந்தேன். அந்த முகத்தைப் பார்க்காமல் விட நான் தயாராக இல்லை.

தேர் அன்றைக்குக் கடையில் வாங்கிய அதிர்வேட்டு ஒன்றை யாரோ கொளுத்தினார்கள். டமார் என்றது. வடத்தைப் பிடித்தார்கள், தேர் நகர்ந்தது. துப்பாக்கியைத் தேடியவர்கள் யாரும் இல்லை. பெரியப்பா வெள்ளை வேட்டியும் பட்டுத் துண்டுமாகத் தேர்முட்டிக்குப் பக்கத்தில் நின்றார். வழக்கமாக அவருக்கு விடுகிற இடத்தில் வடம் பிடிக்கிறவர்கள் புகுந்து, "ஓரம் போ பெரியவரே" என்று தள்ளிவிட்டார்கள். டீக்கடை பெஞ்சில் வந்து உட்கார்ந்தார். நான் நேராகப் போய் எதிரில் நின்றேன். இத்தனை வருடம் நான் ஒத்திகை பார்த்து வைத்திருந்த நேரம் அது.

"எலெக்சன் ஞாபகம் இருக்குதுங்களா பெரிப்பா?"

அவர் என்னை அண்ணாந்து பார்த்தார். "எந்த எலெக்சன்மா?"

நடிக்கவில்லை. அந்த முகத்தை நான் அறிவேன். நிஜமாகவே அவருக்கு ஞாபகம் இல்லை. நான் ஊர் ஊராகத் தூக்கிக்கொண்டு அலைந்ததை, அவர் அன்றைக்கு வாய் கொப்பளித்த தண்ணீரோடு துப்பிவிட்டிருக்கிறார். பழைய கோபமெல்லாம் ஒன்றுமில்லை என்னும்படி எனக்குப் புதிதாக ஒரு கோபம் வந்தது. பக்கத்தில் உட்கார்ந்து முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தேன். அவர் காதில் கையைக் குவித்து, "சத்தமா சொல்லும்மா, கேக்கல" என்றார். சத்தமாகச் சொன்னேன். தலைக்குக் குளித்துவிட்டுப் போய் வாசலில் நின்றதை, காவல் நிலையத்தில் எழுத்தர் சிரித்ததை, பொட்டப்புள்ள என்று அவர் சொன்னதை, எல்லாவற்றையும் தொண்டை கிழியக் கத்திச் சொன்னேன். டீக்கடையில் கிளாஸ் சத்தம் நின்றது. தேருக்குப் பின்னால் போய்க்கொண்டிருந்தவர்கள் திரும்பி வந்து நின்று கேட்டார்கள். பெரியம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு நின்றாள். அவருடைய இளைய மகன் தலையைக் குனிந்துகொண்டான்.

எல்லாம் கேட்டு முடித்து, பெரியப்பா பட்டுத் துண்டை எடுத்து மடியில் மடித்து வைத்தார். பிறகு மெதுவாக, "அதுக்காவவாம்மா துப்பாக்கிய வுட்டே?" என்று கேட்டார்.

"ஆமாங்க பெரிப்பா. அதுக்குத்தான்" என்றேன். அவருக்குக் கேட்டிருக்காது என்று நினைத்து, இன்னொரு முறையும் சொன்னேன்.