காற்று அரைத்த கேழ்வரகு

என் மாமா பிரித்துப் போட்ட எதுவும் மறுபடி ஒன்று சேர்ந்ததாகச் சரித்திரம் கிடையாது. ரேடியோ, தையல் மெஷின், என் சைக்கிள் என்று வீட்டில் அதற்குச் சாட்சிகள் நிறைய. அப்படிப்பட்டவர் ஓர் ஆடி மாதத்தில் மொட்டை மாடியில் காற்றாலை கட்டப்போவதாகச் சொன்னபோது அம்மா தலையில் அடித்துக்கொண்டாள்.

தொண்ணூறுகளின் நடுவில் ஜோகுபாளையத்தில் ஒரே வீட்டில் இருந்தோம். மாமா அம்மாவின் தம்பி. ஓசூர் ரோட்டில் ஒரு ரோஜாப் பண்ணையில் வேலை. அங்கே பாலிதீன் கொட்டகை போட்டுக்கொடுக்க வந்த ஹாலந்துக்காரர் ஒருவர், ஊர் திரும்பும்போது மாமாவுக்கு ஒரு காலண்டர் கொடுத்துவிட்டுப் போனார். பன்னிரண்டு மாதத்துக்கும் பன்னிரண்டு காற்றாலைகள். பாதி இங்கிலீஷிலும் பாதி கைஜாடையிலும் அவர் சொன்ன கதைகளை மாமா சோற்றுக்குத் தொட்டுக்கொள்ளப் பரிமாறுவார். அந்த நாடு கடலைவிடத் தாழ்வாம். நூற்றுக்கணக்கான வருஷங்களாகக் காற்றாலைகள்தான் தண்ணீரை இறைத்துக் கொட்டி நிலத்தைக் காப்பாற்றினவாம். கோதுமை அரைப்பதும் மரம் அறுப்பதும்கூட அவைதானாம். அத்தனையும் புளுகு என்று நினைத்தோம். அத்தனையும் நிஜம் என்று பிற்பாடு தெரிந்துகொண்டேன்.

அந்த ஆடியில் ஒரு சிக்கல். மாமி ஆறு வருஷமாக மாரியம்மனுக்கு நேர்ந்துகொண்டு கூழ் ஊற்றி வந்தாள். மில் மாவு ஆகாது, வீட்டு ஏந்திரக்கல்லில்தான் கேழ்வரகு அரைக்க வேண்டும் என்பது நேர்த்திக்கடன். அம்மாவும் மாமியும் எதிரெதிரே உட்கார்ந்து கல்லைச் சுற்றுவார்கள். அந்த வருஷம் அம்மாவுக்குத் தோள் பிடித்துக்கொண்டது. மாமியோ கல்லைத் தொடக் கூடாதாம், குடம் தூக்கக் கூடாதாம், மாடிப்படி ஏறக் கூடாதாம். அவள் பங்குத் தண்ணீரையும் நான்தான் சுமந்தேன். சரியான வேலைக்கள்ளி என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என் பத்து வயதுக் கைக்குக் கல் அசையவும் இல்லை. ஞாயிற்றுக்கிழமை கூழ் ஊற்ற வேண்டும். மாவு சனிக்கிழமை சாயங்காலத்துக்குள் கிடைத்தால்தான் கரைத்துப் புளிக்க வைக்க முடியும். நேர்த்தி தவறிவிடுமோ என்று மாமி அழுதாள்.

"நான் அரைக்கறேன்" என்றார் மாமா.

"ஆம்பள கை கல்லுல படக்கூடாதுடா" என்றாள் அம்மா.

"காத்து ஆம்பளயா பொம்பளயாக்கா?"

அக்காவை மடக்கிவிட்ட தெம்பில், சனிக்கிழமைக்குள் காற்று அரைக்காவிட்டால் ஒரு பக்க மீசையை எடுத்துவிடுவதாகவும் மாமா சபதம் போட்டார்.

நாலு சவுக்குக் கழிகளை நட்டார். அவற்றின் மேல் ஒரு பழைய லாரி ரிம். ரிம்மின் மேல் கிரீஸ் தடவி, மரப்பெட்டி போன்ற தலை ஒன்றை ஏற்றினார். தலைக்கு முன்னால் மூங்கில் பட்டையில் பின்னிய நாலு இறக்கைகள். தையல் மெஷின் இல்லாததால் மாமி தன் பழைய புடவைகளைக் கையாலேயே தைத்து அவற்றுக்குத் துணி போட்டாள். இறக்கையின் தண்டில் ஒரு சைக்கிள் சக்கரம், அதைச் சுற்றி மரமுளைகள். முளைகள் செங்குத்தான ஓர் உருளையைச் சுற்ற, உருளை கழிகளுக்கு நடுவே வைத்த ஏந்திரத்தின் மேல்கல்லைச் சுற்ற வேண்டும். காலண்டர் படத்தில் தலைக்குப் பின்னாலிருந்து ஒரு நீளக்கழி தரை வரை இறங்கியது. முட்டுக்கொடுத்திருக்கிறார்கள் என்று முடிவுகட்டி, மாமாவும் ஒரு கழியை இறக்கி அடியில் செங்கல் அடுக்கினார்.

சனிக்கிழமை காலையில் இறக்கையைக் கட்டியிருந்த கயிற்றை அவிழ்த்தார். அம்மியையே பறக்கவிடும் ஆடிக்காற்று ஊளையிட்டது. இறக்கை அரை வட்டம் போய், நடுங்கி, நின்றுவிட்டது. தள்ளிவிட்டும் பயனில்லை. பத்து மணியாயிற்று, பதினொன்றும் ஆயிற்று. கீழே தெருவில் மாமி நெற்றியில் கை வைத்து அண்ணாந்து நின்றாள்.

"ஏனப்பா, ஹெலிகாப்டர் ஹாரல்வா?" என்று, பறக்காதா எனக் கேலியாகக் கேட்டார் எதிர்வீட்டுக் கன்னடக்காரர்.

"காத்து மேற்கேருந்து வருது. நீ ஏன்டா கெழக்க பாத்து வெச்ச?" என்றாள் அம்மா.

"சாமி காரியமாச்சேக்கா. கெழக்க பாத்துதான வெக்கணும்?"

மாமாவின் முகம் தொங்கிவிட்டது. நான் காலண்டரைப் புரட்டிக்கொண்டிருந்தேன். அக்டோபர் படத்தில் ஓர் ஆள் அந்த நீளக்கழியைத் தோளால் நெம்பிக்கொண்டிருந்தான்.

"மாமா, இது முட்டு இல்ல. இந்த ஆளு கழியத் தள்றான், தல திரும்புது" என்றேன்.

மாமா படத்தைப் பார்த்தார். செங்கல்லை உதைத்துத் தள்ளிவிட்டுக் கழியைப் பிடித்தார். தலை அசைந்து கொடுக்கவில்லை. நானும் பிடித்தேன். அப்போது அம்மா முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, நோகாத தோளைக் கழிக்குக் கொடுத்தாள். "மேற்க பாத்தா ஆத்தா ஒண்ணும் கோவிச்சுக்க மாட்டா. தள்ளுங்க."

கிறீச்சிட்டுக்கொண்டே தலை திரும்பியது. புடவைத் துணி புடைத்தது. இறக்கை சுற்றியது, மறுபடி சுற்றியது, பிறகு எண்ண முடியவில்லை. முளைகள் தடதடக்கக் கல் உறுமிக்கொண்டு சுழன்றது. கல்லின் விளிம்பில் சாம்பல் நிறத்தில் மாவு உதிர்ந்தபோது நான் கத்திய கத்தலில் தெருவே கூடிவிட்டது. என் வாழ்க்கையில் அதற்குப் பிறகு எத்தனையோ ஜெயித்திருக்கிறேன், அப்படிக் கத்தியதில்லை. அம்மா மாவை விரலில் தேய்த்துப் பார்த்து, "கொரகொரன்னு இருக்கு. கூழுக்கு இதான் சரி. மீச பொழச்சுது போ" என்றாள். நாலு மணிக்குள் ஆறு படி கேழ்வரகும் மாவாயிற்று. எதிர்வீட்டுக்காரர் தன் ராகியையும் தூக்கிக்கொண்டு வந்து வரிசையில் நின்றார்.

எல்லாம் முடிந்தபின் மாமா கயிற்றை இழுத்து இறக்கையை நிறுத்தினார். ஓர் இறக்கை உச்சிக்குக் கொஞ்சம் முன்னாலேயே கோணலாக நின்றது. அப்படியே கட்டிவிட்டார்.

"நேரா நிறுத்துங்க மாமா."

"இது அப்படித்தான் பாப்பா. அந்த ஊர்ல சாவு விழுந்தா ரெக்கய உச்சி தாண்டி நிறுத்துவாங்க. வீட்ல நல்லதுன்னா உச்சிக்கு வர்றதுக்கு முன்னாடி."

"இங்க என்ன நல்லது?"

அவர் சிரித்தார். கீழே மாமி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அம்மா அவர் தலையில் ஒரு குட்டு வைத்தாள். "மூணு மாசம் முடியட்டும், வாயத் தொறக்காதன்னு சொன்னேனா இல்லயா?"

"வாயத் தொறக்கலயேக்கா."

ஒரு வாரம் அந்த இறக்கை அப்படியே நின்றது. ஊரறிய மாமா சொன்ன சேதியை ஜோகுபாளையத்தில் ஒருவருக்கும் படிக்கத் தெரியவில்லை. காலண்டரைக் கையில் வைத்திருந்த எனக்கும்தான். மறுநாள் ஞாயிற்றுக்கிழமை கூழ் ஊற்றியபோது, ஒரு குடம் தண்ணீர்கூடத் தூக்காத மாமிக்கு மட்டும் ஏன் இரண்டு சொம்பு என்று நான் அம்மாவிடம் சண்டை போட்டேன்.