அண்ணியின் முகம்

சினிமா செட்டில் விளக்கு போடுகிறவர்கள் அவளுக்கு வைத்திருந்த பட்டப்பெயர் 'அணைச்சிடு'. வந்ததும் வராததுமாகப் பாதி விளக்குகளை அணைக்கச் சொல்வாள். நிழல் இல்லாத முகம் மாவு பொம்மை மாதிரி இருக்கும் என்பது அவள் கட்சி.

பல வருஷம் அடுத்தவர் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தாள். கதாநாயகி அழுகிற காட்சியிலும் கன்னம் பளபளக்க வேண்டும் என்று ஒரு இயக்குநர் அடம்பிடித்த அன்று, கேமராவை உதவியாளரிடம் கொடுத்துவிட்டு விறுவிறுவென்று வெளியே வந்தாள். இனி தன் படத்தைத் தானே தயாரிப்பது என்று முடிவுகட்டினாள். ஊரே கைகொட்டிச் சிரித்தது. அண்ணன் மட்டும் சிரிக்கவில்லை. பிழைப்புக்கு வைத்திருந்த வேனை விற்றுவிட்டுப் பங்காளியாகச் சேர்ந்தான்.

ஆஸ்பத்திரித் துணிகளை வெளுக்கும் ஒருத்தியின் கதை. நடித்தது அண்ணி. அதற்கு முன் கேமரா முன்னால் நின்றதே இல்லை. நீராவி அடிக்கும் சலவைக்கூடத்தில், வெள்ளை விரிப்புகளுக்கு நடுவே அவளுடைய கருத்த முகம் வேர்வையோடு தெரியும்போது, வேறு வெளிச்சமே தேவைப்படவில்லை.

படத்தைப் பார்த்த விநியோகஸ்தருக்கு எல்லாம் பிடித்துப்போனது, முகத்தைத் தவிர. முகத்தை வெளுப்பாக்கிக் கொடுத்தால் உடனே வாங்கிக்கொள்வதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

வேன் போன கவலை அண்ணனுக்கு. நிறம் சரிசெய்யும் அறையில் தங்கைக்குப் பின்னால் நின்றுகொண்டு, கம்ப்யூட்டரில் நாலு தட்டு தட்டினால் முடிகிற வேலைதானே என்று இழுத்தான். அவள் தட்டிக் காட்டினாள். திரையில் அண்ணி வெளுத்தாள்.

"இது யாருண்ணே?"

அண்ணன் உற்றுப் பார்த்தான். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அண்ணிதான் வாய் திறந்தாள்.

"நல்லாப் பாத்துச் சொல்லுங்க. அவளையா கட்டிக்கிட்டீங்க?"

அண்ணன் முகத்தைத் துடைத்துக்கொண்டான். "பழையபடியே வை" என்றான்.

விநியோகஸ்தரிடம் தங்கையே போய் முடியாது என்று சொல்லிவிட்டு வந்தாள். அதற்குப் பிறகு எந்தக் கம்பெனியும் அவளைக் கூப்பிடவில்லை. திமிர் பிடித்தவள் என்று பேச்சு பரவியது. கேட்டவர்களிடம் ஆமாம் என்றாள்.

பஸ் நிலையத்துக்குப் பின்னால் கூட்டமே வராத ஒரு சின்னத் தியேட்டர் இருந்தது. அதில் காலைக் காட்சியை மட்டும் பேசி வாங்கினாள். போஸ்டரை அவளும் அண்ணனும் ஒட்டினார்கள். முதல் நாள் நாற்காலிகள்தான் படம் பார்த்தன. மறுநாள் ஆஸ்பத்திரிச் சலவைக்காரிகள் இரவு வேலை முடிந்து கூட்டமாக வந்தார்கள். விரிப்பைப் பிழிகிற காட்சியில், அண்ணி பிழிகிற விதம் தப்பு என்று சத்தம் போட்டுச் சிரித்தார்கள். கடைசிக் காட்சியில் யாரும் சிரிக்கவில்லை. அடுத்த வாரம் அவர்களுடைய வீட்டுக்காரர்களும் வந்தார்கள். பெரிய ஓட்டமில்லை, ஆனால் தியேட்டர்காரர் காலைக் காட்சியோடு மாலைக் காட்சியையும் தானாகவே கொடுத்தார்.

அடுத்த படத்தில் நடிக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டாள் அண்ணி. தயாரிப்பாளராகத்தான் வருவாளாம். இப்போது நாத்தனாரும் அண்ணியுமாகத் துறைமுகத்தில் இடம் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள், எந்தக் காட்சியை எங்கே எடுப்பது என்று சண்டை போட்டபடி.