புகார் கொடுத்தவரே விசாரித்த விசாரணை

நகராட்சியின் தண்ணீர்ப் பரிசோதனைக் கூடத்தில் அவளை எல்லோரும் ‘ஒத்தக்கால் அக்கா’ என்றுதான் சொல்வார்கள். இரண்டு காலும் நன்றாகத்தான் இருந்தன. பிடித்த பிடியை விடமாட்டாள், அதற்காக வைத்த பேர். பத்தொன்பது வருடம் குடுவையும் சோதனைக் குழாயுமாகக் கழித்தவள்.

ஒரு செவ்வாய்க்கிழமை, மேற்குத் தெருத் தொட்டித் தண்ணீரில் கிருமி இருப்பது தெரிந்தது. பிரிவுப் பொறியாளர் அறிக்கையைப் பார்த்தார்.

“குடிக்க உகந்ததுன்னு மாத்தி எழுதுங்கம்மா. நாளைக்கே தொட்டியைக் கழுவிடுறோம்.”

“கழுவுங்க சார். கழுவினப்புறம் எழுதுறேன்.”

வினை அங்கேதான் தொடங்கியது. மறுவாரமே, பொறியாளர் கொடுத்த புகாரின்பேரில், குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்தது: மாதிரியைக் கவனக்குறைவாக எடுத்தாள், மேலதிகாரிக்குக் கீழ்ப்படியவில்லை. விசாரணைக்குப் போனால், விசாரணை அதிகாரி நாற்காலியில் அதே பொறியாளர்! வேலிக்கு ஓணான் சாட்சி என்பார்கள். இங்கே ஓணானே நீதிபதியாகவும் உட்கார்ந்திருந்தது. மாதிரி எடுத்தபோது கூட இருந்த தொட்டிக் காவலாளியைக் கூப்பிடுங்கள் என்றாள். கூப்பிடவில்லை. நாற்பது நிமிடத்தில் விசாரணை முடிந்தது. நான்கே வரியில் பணிநீக்க உத்தரவு வந்தது.

தையல்கடை வைத்திருந்த கணவர் பயந்த சுபாவம். “மன்னிப்புக் கடிதம் ஒண்ணு எழுதிக் குடுத்தா திரும்ப எடுத்துக்குவாங்களாம்,” என்றார், துணியிலிருந்து கண்ணை எடுக்காமல்.

“எழுதலாம். என்ன தப்பு பண்ணேன்னு நீங்களே சொல்லுங்க, எழுதுறேன்.”

அவர் ஊசியில் நூல் கோத்துக்கொண்டே இருந்தார். மறுநாள் அவரே ஒரு வழக்கறிஞரின் விலாசத்தை விசாரித்து வந்தார்.

வழக்கறிஞர் ஒளிவுமறைவு இல்லாத பெண்மணி. “கோர்ட்டு உங்க தண்ணியை மறுபடி பரிசோதிக்காதும்மா. விசாரணை ஒழுங்கா நடந்துச்சான்னு மட்டும்தான் பாக்கும்.”

அவளுக்குச் சுருக்கென்றது. தண்ணீரைப் பற்றிய உண்மையைச் சொல்லத்தானே வழக்குப் போட வந்தாள்? இரண்டு நாள் மனசு ஆறவில்லை. பிறகு, “சரி, அதையே கேப்போம்,” என்றாள்.

வழக்கு இரண்டரை வருடம் இழுத்தது. ஒரு வாய்தாவுக்கும் அவள் தவறவில்லை. கடைசியில் ஒருநாள் நீதிபதி காகிதத்திலிருந்து நிமிர்ந்தார்.

“புகார் கொடுத்தவரும் இவர், விசாரிச்சவரும் இவரா?”

நகராட்சியின் வக்கீல் காகிதக் கட்டைப் புரட்டினார். இன்னும் புரட்டினார். “பேர் ஒண்ணாத்தான் இருக்குங்க ஐயா.”

பணிநீக்கம் ரத்தானது. ஆனால், நகராட்சி விரும்பினால் வேறு அதிகாரியை வைத்துப் புதிதாக விசாரிக்கலாம் என்றும் தீர்ப்பில் இருந்தது.

“அப்ப ஜெயிச்சோமா, இல்லையா?” என்று கணவர் தலையைச் சொறிந்தார்.

வேலைக்குத் திரும்பிய அன்று வராந்தாவிலேயே பொறியாளர் மறித்தார். “மறுபடி விசாரணை உண்டு, தெரியும்ல?”

“வைங்க சார். இந்தத் தடவை நீங்க சாட்சி. கேள்வி கேக்கப்போறது நான்.”

வைத்தார்கள். புது அதிகாரி முன்னால் காவலாளி வந்து, குடுவைக்கு அவள் முத்திரை வைத்ததைத் தன் கண்ணால் பார்த்ததாகச் சொன்னார். பொறியாளரிடம் அவள் ஒரே கேள்வியை ஐந்து முறை கேட்டாள்: “கிருமி இருந்துச்சா, இல்லையா?” நான்கு முறை நடைமுறை பற்றிப் பேசியவர், ஐந்தாவது முறை, “இருந்தது,” என்றார்.

குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை என்று ஒரு பக்கக் கடிதம் வந்தது. வருத்தம் என்று ஒரு சொல் அதில் இல்லை. அவள் எதிர்பார்க்கவும் இல்லை. கடிதத்தைப் பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டு, பேருந்துக்கு நேரமாகிவிட்டதென்று செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பினாள்.