எந்த சேர்வரில் நிற்கிறீர்கள்?

யுத்த காலத்தில் கொழும்பு வெள்ளவத்தையில் குடியிருந்த தமிழன் நான். அடையாள அட்டை, பொலிஸ் பதிவு, ஓய்வூதியக் கடிதம் எல்லாவற்றையும் சோதனைக்கு வரும் பொலிசார் கேட்கும் வரிசையிலேயே சட்டைப்பையில் வைத்திருப்பேன். அரச மொழிபெயர்ப்பாளனாக இருந்தவனுக்கு ஒழுங்கு முக்கியம்.

அன்று முஸ்லிம் நானா ஒருவரின் இணையக் கடையில், கனடாவிலிருந்த மகனுடன் டாங்கி விளையாட்டு விளையாட உட்கார்ந்தேன். அந்த விளையாட்டுக்குச் சிங்கப்பூர், ஐரோப்பா என்று இடத்துக்கு இடம் சேர்வர்கள்; இருவரும் ஒரே சேர்வரில் இருந்தால்தான் சந்திக்கலாம். நான் எதில் இணைந்திருக்கிறேன் என்று பார்க்க, நானா காட்டித் தந்தபடி கறுப்புத் திரையொன்றைத் திறந்தேன். இலக்கங்கள் ஓடின. அந்த நேரம் பார்த்துப் பொலிசார் சோதனைக்கு நுழைந்தார்கள்.

என் கடதாசிகளை அதிகாரி தொடவேயில்லை. இலக்கங்களைப் பார்த்தார். டாங்கிகளைப் பார்த்தார். ஹெட்போன் வயரைப் பிடுங்கினார். மகனின் குரல் கடை முழுவதும் கேட்டது.

“அப்பா, எந்த சேர்வரில நிக்கிறியள்? கெதியா சிங்கப்பூருக்கு மாறுங்கோ. எல்லாரும் அடிக்க ரெடி!”

“என்ன சொல்கிறான்?” என்று அதிகாரி சிங்களத்தில் நானாவிடம் கேட்டார்.

நானா என் பக்கம் திரும்பவேயில்லை. “அப்பா சாப்பிட்டாரா என்று கேட்கிறான், சேர்,” என்றார் சிங்களத்திலேயே. வந்தவர்களில் ஒருவருக்காவது தமிழ் தெரிந்திருந்தால் எங்கள் இருவரையும் ஒரே ஜீப்பில் ஏற்றியிருப்பார்கள்.

அதிகாரி என்னை உற்றுப் பார்த்தார். “பதில் சொல்லு.”

“சாப்பிட்டன், தம்பி,” என்றேன்.

“என்னப்பா விசர்க்கதை?” எனக்குப் பைத்தியமோ என்பதுபோல் மகன் கத்தினான்.

அதிகாரி மறுபடி நானாவைப் பார்த்தார்.

“என்ன கறி என்று கேட்கிறான், சேர்.”

அதிகாரி சிரித்துவிட்டு வெளியேறினார்.

வாழ்நாள் முழுவதும் பிழையான மொழிபெயர்ப்புகளைச் சிவப்பு மையால் வெட்டியவன் நான். நானாவின் அந்த இரண்டு வசனங்களில் ஓர் எழுத்தைத் திருத்தவும் எனக்கு மனம் வராது.