செவலைக்கு எல்லாம் வெளங்கும்

மாட்டு மடியில் தண்ணீர் அடிக்கும்போதே சிவனம்மாளின் வாய் திறந்துவிடும். விளக்கெண்ணெய் தொட்டுக் காம்பை நீவியபடி அன்றைய வீட்டு நடப்பை ஒன்றுவிடாமல் செவலைப் பசுவிடம் ஒப்பிப்பாள். பெரும்பாலும் மருமகள் சுகன்யாவின் கதைதான். செல்போனும் கையுமாக இருந்து அடுப்பில் வெஞ்சனத்தைத் தீயவிட்டது, கேட்டதற்கு முகத்தைத் திருப்பிக்கொண்டது. கதை சூடுபிடிக்கும்போது வாளியில் நுரை கட்டும். காந்திகிராமத்துப் பக்கம் அவர்கள் தெருவில் வேளைக்கு ஐந்து லிட்டர் கறக்கும் மாடு அது ஒன்றுதான்.

"காலு" என்றால் செவலை பின்னங்காலை விலக்கும். "ந்தா, வாலு" என்றால் வால் அடங்கும். மாட்டுக்கு வார்த்தை புரியாது, குரலும் பழக்கமும்தான் என்று ஊசி போட வந்த கால்நடை டாக்டர் ஒருமுறை சொல்லிப் பார்த்தார். புரிந்தால் பதில் பேசாதா என்றும் கேட்டார்.

"எம் மகனுந்தான் பதில் பேச மாட்டான். அவனுக்குத் தமிழு தெரியாதா சார்?"

டாக்டர் பையை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

போன மாதம் சிவனம்மாளுக்குத் தொண்டையில் கட்டி எடுத்தார்கள். பதினைந்து நாள் பேசக் கூடாது. வீடு திரும்பிய அன்றே தொழுவத்தில் உட்கார்ந்தாள். அதே கை, அதே எண்ணெய். செவலை திரும்பித் திரும்பிப் பார்த்தது, பாலை இறக்கவில்லை. மாமியார் எப்போதோ போனில் அனுப்பிய குரல் பதிவைச் சுகன்யா தேடிப்பிடித்துப் போட்டுக் காட்டினாள். செவலை காதை நிமிர்த்தி ஆளைத் தேடியது, அவ்வளவுதான். நாலு நாளில் பால் ஒன்றரை லிட்டருக்கு வந்துவிட்டது. மடி கல்லாகிக்கொண்டிருந்தது. மடிநோய் வருமுன் விற்றுத் தள்ளிவிடுவோம் என்று, நிலக்கோட்டைப் பூவண்டி ஓட்டும் மகன் மணிமாறன் வெள்ளிக்கிழமைச் சந்தைக்கு ஆள் சொல்லிவிட்டான். சிவனம்மாளால் கையைத்தான் ஆட்ட முடிந்தது.

வியாழக்கிழமை சாயங்காலம் மடியடியிலிருந்து மாமியாரை எழச்செய்து, அந்த இடத்தில் சுகன்யா உட்கார்ந்தாள். தாய்வீட்டில் கறந்து பழகிய கை. செத்த நேரம் சும்மா நீவினாள். பிறகு தாழ்ந்த குரலில் ஆரம்பித்தாள்.

"நீயே சொல்லு செவலை. அன்னைக்கு வெஞ்சனம் தீஞ்சது போன் பாத்தா? காய்ச்சல்ல கண்ணு இருட்டிருச்சு. என்னன்னு ஒரு வார்த்த கேட்டாங்களா ஒங்காத்தா?"

செவலை அசைபோட ஆரம்பித்தது. காம்பு கனத்து வருவது விரலில் தெரிந்தது. சுகன்யா விடவில்லை, தீபாவளிச் சேலைவரை போனாள். பீய்ச்சும் சத்தம் மாறி, நுரை ஏறியது.

வாளி விளிம்புக்கு வந்தபோதுதான் திரும்பினாள். பின்னால், கழுத்துக் கட்டுக்கு மேலே சிவந்த முகத்தோடு மாமியார் நின்றிருந்தாள். சுகன்யாவின் பேச்சும் கையும் நின்றன. செவலை தலையைத் திருப்பி இருவரையும் பார்த்தது.

சிவனம்மாள் குனிந்து நிறைந்த வாளியை எடுத்து ஓரமாக வைத்தாள். காலி வாளியை மாட்டின் அடியில் தள்ளி, மேலே சொல் என்று கையசைத்தாள்.